தலைகீழாக எழுதப்பட்ட பெயர்கள்

சாகசக் கதைகளைக் கிண்டலடித்து எடுக்கப்பட்ட ‘வயது வந்தோருக்கான’ படங்கள், நாலு வாரம் ஓடி மறந்துபோயிருக்க வேண்டியவை. ஆனால் ஹாலிவுட் பட்டறைகளிலும் அமெரிக்க நீதிமன்றங்களிலும் அவை பதித்த தடம் இன்னும் அழியவில்லை.

கோபுரத்தின் மேல் ஓர் அரக்கன் ஏறுகிறான். ஒரு கையில் கதாநாயகி துடிக்கிறாள். ‘கிங் காங்’ பார்த்தவர்களுக்கு இந்தக் காட்சி எங்கே சுட்டது என்று சொல்லத் தேவையில்லை. ஒரே ஒரு வித்தியாசம். காங் உறுமும், இவன் பேசுகிறான். நாள் முழுக்க ஃபைல் பார்த்துக் களைத்த குமாஸ்தா மாதிரி, சலிப்பும் நக்கலுமாகத் தனக்குத்தானே முணுமுணுத்துக்கொண்டே ஏறுகிறான்.

திரையில் மலை போல நிற்கும் இந்த அரக்கன் நிஜத்தில் ஒரு பொம்மை. உள்ளே மூட்டுக்கு மூட்டு மடங்கும் உலோக எலும்புக்கூடு. மேலே ரப்பர் நுரைத் தோல். கலைஞர் அதன் கையை மயிரிழை அளவு நகர்த்துவார். கேமராவில் ஒரு ஃபிரேம் எடுப்பார். மறுபடி ஒரு மயிரிழை, மறுபடி ஒரு ஃபிரேம். திரையில் ஒரு நொடி ஓட 24 ஃபிரேம் வேண்டும். ஃபிரேம் ஃபிரேமாக எடுத்தால் பத்து நொடிக் காட்சிக்கு 240 முறை குனிந்து நிமிர வேண்டும். ஸ்டாப் மோஷன் என்ற இந்தக் கலையில் முதுகு வலிக்காமல் ஒரு நொடிகூடக் கிடைக்காது.

இவ்வளவு பாடும் எதற்காக? 1974-ல் அமெரிக்காவில் வெளிவந்த ‘ஃப்ளெஷ் கார்டன்’ என்ற பலான படத்துக்காக.

அந்தப் படத்தின் பெயர்ப் பட்டியலில் வாயில் நுழையாத ஒரு பெயர் வருகிறது: ‘மிஜ் ஹ்ட்ராஃப்னாட்’. எந்த நாட்டுக்காரர் என்று யோசித்தால் விடை கிடைக்காது. ஆங்கில எழுத்துகளைக் கடைசியிலிருந்து முதலுக்குப் படிக்க வேண்டும். ஜிம் டான்ஃபோர்த்! அதற்கு முன்பே இரண்டு முறை ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்ட தந்திரக்காட்சிக் கலைஞர். அரக்கனுக்குப் படக்குழு வைத்த பெயர் ‘நெசுவாஹிர்ரா’. அதையும் திருப்பிப் படியுங்கள். சிந்துபாத் படத்தில் எலும்புக்கூட்டை வாள் சுழற்ற வைத்த ரே ஹாரிஹாசனின் பெயர் வரும். குருவுக்கு வணக்கம் சொன்னார்கள்; அதையும் தலைகீழாகத்தான் சொன்னார்கள்.

இந்த வகைப் படங்களின் மொத்தக் கதையும் அந்தத் தலைகீழ்ப் பெயருக்குள் இருக்கிறது. எதைக் காட்டி டிக்கெட் விற்றார்களோ அது முதலில் பழசாகிப்போனது. எதற்குப் பெயர் போடக் கூச்சப்பட்டார்களோ அது நிலைத்துவிட்டது.

ஓர் எழுத்து மாறினால்...

1934 ஜனவரி 7 அன்று அமெரிக்கப் பத்திரிகைகளில் ஒரு விண்வெளி வீரன் பிறந்தான். பெயர் ஃப்ளாஷ் கார்டன். வரைந்தவர் அலெக்ஸ் ரேமண்ட். வெளியிட்டது கிங் ஃபீச்சர்ஸ். முத்து காமிக்ஸில் வேதாளனையும் மாண்ட்ரேக்கையும் படித்து வளர்ந்தவர்களுக்கு இவன் பங்காளி முறை. மூவரும் அதே நிறுவனத்தின் பிள்ளைகள். பூமியை அழிக்க வரும் மோங்கோ கிரகம், அதன் கொடுங்கோலன் மிங், காதலி டேல் ஆர்டன், ராக்கெட் செய்யும் விஞ்ஞானி. 1936, 1938, 1940 என்று யுனிவர்சல் நிறுவனம் மூன்று தொடர்படங்கள் எடுத்தது. நாயகன் பஸ்டர் கிராப், ஒலிம்பிக்கில் தங்கம் வென்ற நீச்சல் வீரர். வாரம் ஓர் அத்தியாயம். ஒவ்வொன்றும் நாயகன் சாகப்போகிற இடத்தில் முடியும். பிறகு தொலைக்காட்சி வந்து அதே தொடர்களைத் திரும்பத் திரும்ப ஓட்ட, அடுத்த தலைமுறைக்கும் மனப்பாடம் ஆனது.

அந்தத் தலைமுறைதான் 1970-களின் தொடக்கத்தில் கேமராவைத் தூக்கியது. ஆபாசப் படம் என்பது சந்துக்குள் ஓடும் சமாசாரமாக இல்லாமல், தம்பதிகள் வரிசையில் நின்று டிக்கெட் வாங்கும் காலமாக அமெரிக்கா மாறிக்கொண்டிருந்தது. ஏற்கெனவே அந்தத் துறையில் பணம் பார்த்த ஹோவர்ட் ஸீம், பில் ஆஸ்கோ இருவரும், மைக்கேல் பென்வெனிஸ்டியும் சேர்ந்து ஃப்ளாஷை எடுத்துக்கொண்டு ஓர் எழுத்தை மட்டும் மாற்றினார்கள். ஃப்ளாஷ் என்றால் மின்னல். ஃப்ளெஷ் என்றால் சதை. டேல் ஆர்டன், ‘டேல் ஆர்டர்’ ஆனாள். ஆங்கிலத்தில் அதற்குத் தாபம் என்று பொருள். பேரரசர் மிங், வாங் ஆனார். மோங்கோ கிரகத்தின் புதுப் பெயரைச் சொன்னால் குழந்தைகள் அர்த்தம் கேட்பார்கள், விட்டுவிடுவோம். மூலக்கதையில் பூமியை மோத வந்தது கிரகம். இங்கே வருவது ஒரு கதிர்வீச்சு. பட்டவர்களெல்லாம் இருக்கும் இடம் மறந்து ஆடைகளைக் களைகிறார்கள்.

கதை இவ்வளவுதான். ஆனால் செட், ராக்கெட், வண்டுமனிதன், அரக்கன் எல்லாவற்றையும் மூலத்தின் மீது உண்மையான பாசம் உள்ளவர்கள் செய்தார்கள். அது திரையில் தெரிந்தது. 1975-ல் மெல்போர்னில் நடந்த உலக அறிவியல் புனைவு மாநாட்டில், ஹியூகோ விருதின் நாடகப் பிரிவு இறுதிப் பட்டியலில் ‘ஃப்ளெஷ் கார்டன்’ இடம்பிடித்தது. பரிசு ‘யங் ஃப்ராங்கன்ஸ்டைன்’ படத்துக்குப் போனது. அதுவும் பகடிதான்; உடையோடு எடுத்த பகடி.

ஒளித்து வைத்தது யார்?

நல்ல குடும்பத்துப் பையனைக் கெடுத்துவிட்டார்கள் என்று மூலக்கதை ரசிகர்கள் கோபப்படலாம். பையன் அவ்வளவு நல்லவனா என்பதுதான் கேள்வி.

1936 தொடரைப் பாருங்கள். மிங்கின் கண் முழுக்க டேல் மீது. மிங்கின் மகள் ஆராவின் கண் முழுக்க ஃப்ளாஷ் மீது. நாயகி வயிறு தெரிய உடுத்தியிருக்கிறாள். நாயகன் பாதி நேரம் சட்டையில்லாமல் மல்லுக்கட்டுகிறான். இதெல்லாம் பள்ளிப் பிள்ளைகள் சனிக்கிழமை பார்த்த படம்! டார்ஜான் கதையும் அப்படித்தான். 1934-ல் வந்த ‘டார்ஜான் அண்ட் ஹிஸ் மேட்’ படத்தில் நாயகி ஜேன் ஆற்றில் ஆடையின்றி நீந்தும் காட்சி இருந்தது. தணிக்கைக்காரர்கள் வெட்டினார்கள், பல பத்தாண்டுகள் கழித்துத்தான் அது மீண்டும் ஒட்டப்பட்டது.

காடு, கடல், வேற்றுக்கிரகம் என்று சாகசக் கதை போகும் இடமெல்லாம் ஊர்க்கட்டுப்பாடு இல்லாத இடம். உடை குறையும், ஆசை கூடும். மூலம் கதவைச் சாத்திவிட்டு ஜன்னலைத் திறந்து வைத்திருந்தது. பகடிக்காரர்கள் கதவைத் திறந்தார்கள். சிரிப்பு வந்தது அதனால்தான். உள்ளே என்ன இருக்கிறது என்று பார்ப்பவர்களுக்கு ஏற்கெனவே தெரியும்.

---
பெட்டிச் செய்தி: படத்துக்கு முன்னால் எட்டுப் பக்கம்

● 1930-களில் அமெரிக்காவில் ‘டிஹுவானா பைபிள்’ என்ற கள்ளப் புத்தகங்கள் கைமாறின. உள்ளங்கை அளவு, பெரும்பாலும் எட்டே பக்கம். பத்திரிகைப் படக்கதை நாயகர்களையும் சினிமா நட்சத்திரங்களையும் படுக்கையறைக்குள் இழுத்துவிட்ட கேலிச்சித்திரங்கள். வரைந்தவர் பெயர் இருக்காது. அச்சகத்தின் பெயரும் இருக்காது.

● ராபின் ஹுட் (1969), ஜோரோ (1972) இருவரும் ஃப்ளெஷுக்கு முன்பே கவர்ச்சிப் படங்களில் மாட்டியவர்கள்.

● ‘ஆலிஸ் இன் வொண்டர்லேண்ட்’ 1976-ல் பாட்டும் கூத்துமான ஆபாச இசைப்படமானது. தயாரித்தவர் அதே பில் ஆஸ்கோ.

---

கேட்டவருக்குக் கிடைக்கவில்லை

இந்தக் கதையின் சுவாரஸ்யமான திருப்பம் இங்கேதான். 1970-களின் தொடக்கத்தில் ஃப்ளாஷ் கார்டன் மீது ஆசைப்பட்டவர் இன்னொருவரும் இருந்தார். ஜார்ஜ் லூகாஸ். சின்ன வயதில் பார்த்த தொடரைப் பெரிய படமாக எடுக்க முறையாக உரிமை கேட்டுப் போனார். கிடைக்கவில்லை. சரி, நானே ஒரு விண்வெளிக் கதை எழுதிக்கொள்கிறேன் என்று உட்கார்ந்தார். 1977-ல் ‘ஸ்டார் வார்ஸ்’ வந்தது. முதல் காட்சியில் விண்வெளியில் மேலேறி மறையும் அந்த முன்கதை வரிகள், பழைய ஃப்ளாஷ் கார்டன் தொடரிலிருந்து வந்தவை.

அனுமதி கேட்டவர் புதுப் பிரபஞ்சத்தையே உருவாக்க வேண்டியிருந்தது. கேட்காதவர்கள் ஓர் எழுத்தை மாற்றிப் படத்தை முடித்தார்கள். இரண்டு பாதைகளையும் இணைத்தவர்கள் பட்டறைக்காரர்கள்.

‘ஃப்ளெஷ் கார்டன்’ தந்திரக்காட்சிகளுக்குக் கேமரா பிடித்தவர்களில் ஒருவர் டென்னிஸ் முரென். அடுத்த சில ஆண்டுகளில் லூகாஸின் இண்டஸ்ட்ரியல் லைட் அண்ட் மேஜிக் பட்டறைக்குப் போனார். பின்னாளில் ‘ஜுராசிக் பார்க்’ டைனோசர்கள் வரை அவர் கைபட்டவை. மொத்தம் ஒன்பது ஆஸ்கர்கள். ஒப்பனைப் பொம்மைகளுக்கு வந்த இளைஞர் ரிக் பேக்கர், ‘ஸ்டார் வார்ஸ்’ மதுக்கடைக் காட்சியின் விநோத ஜீவன்கள் சிலவற்றைச் செய்தார். ஒப்பனைக்கென்று ஆஸ்கர் தனிப்பிரிவு தொடங்கியபோது முதல் பரிசு அவருக்குத்தான். பிறகு மேலும் ஆறு. மாதிரி விண்கலங்கள் செய்த கிரெக் ஜீன், ஸ்பீல்பெர்க்கின் ‘க்ளோஸ் என்கவுன்டர்ஸ்’ படத்தின் பிரம்மாண்ட விண்தாய்க்கலத்தைக் கட்டினார். மைக் மைனர், ‘ஸ்டார் ட்ரெக்’ படங்களின் கலைப் பிரிவுக்குப் போனார்.

திறமைசாலிகள் இங்கே வந்ததற்குக் காரணம் ஆபாச மோகம் என்று நினைத்தால் தப்பு. 1970-களின் தொடக்கத்தில் பெரிய ஸ்டுடியோக்கள் செலவைக் குறைக்கத் தந்திரக்காட்சித் துறைகளை ஒவ்வொன்றாக மூடிக்கொண்டிருந்தன. ஹாரிஹாசனைப் பார்த்து வீட்டு கேரேஜில் பொம்மை செய்து பழகிய பையன்களுக்கு வேலை கொடுக்க ஆளில்லை. அரக்கனும் ராக்கெட்டும் வேண்டும் என்று கேட்டவர் ஒரு நீலப்படத் தயாரிப்பாளர். கூலி கிடைத்தது, கைக்குப் பழக்கம் கிடைத்தது. பெயரை மட்டும் சிலர் மறைத்துக்கொண்டார்கள்.

முகத்தைத் திருப்பி எழுத முடியாது

இங்கே ஒரு கணக்கு போட்டுப் பார்க்க வேண்டும். இந்தப் படங்களால் யாருக்கு லாபம், யார் தலையில் செலவு?

பொம்மை செய்தவர் பெயரைத் திருப்பி எழுதலாம். குரல் கொடுத்தவர் பெயரே போடாமல் போகலாம். கோபுரம் ஏறிய அந்த அரக்கனுக்குக் குரல் தந்தவர் கிரெய்க் டி. நெல்சன். பட்டியலில் அவர் பெயர் இல்லை. பின்னாளில் ‘போல்டர்கைஸ்ட்’ படத்தின் அப்பா அவர்தான். ‘கோச்’ தொடருக்காக எம்மி வென்றார். ‘தி இன்க்ரெடிபிள்ஸ்’ கார்ட்டூன் படத்தில் வரும் கட்டுமஸ்தான அப்பாவின் குரலும் அவருடையதே. உலகெங்கும் குழந்தைகள் ரசித்த அந்தக் குரலுக்கு எந்த இழுக்கும் வரவில்லை.

திரையில் முகம் காட்டியவர்களுக்கு இந்த வசதி கிடையாது. ‘ஃப்ளெஷ் கார்டன்’ நாயகன், நாயகி இருவருமே பெரிய ஹாலிவுட் நட்சத்திரங்களாகவில்லை. அபூர்வ விதிவிலக்கு ‘ஆலிஸ்’ படத்தின் கிறிஸ்டின் டிபெல். பில் முர்ரேயுடன் ‘மீட்பால்ஸ்’ (1979), ஜாக்கி சானுடன் ‘தி பிக் ப்ரால்’ (1980) என்று பொதுவழிக்கு வந்தார். ஆனாலும் அவரைப் பற்றி எழுதுகிறவர்கள் யாரும், இதோ இந்தக் கட்டுரை உட்பட, ஆலிஸில் தொடங்காமல் எழுதுவதில்லை. முரெனைப் பற்றி எழுதும்போது ஃப்ளெஷை ஒரு வேடிக்கைத் துணுக்காகச் சொல்கிறோம். நடிகைக்கோ அப்படியொரு படமே தலைப்பாகிவிடுகிறது. ஒரே வகைப் படத்தில் இருவர் கூலி வாங்கினால், ஒருவருக்கு அனுபவம் என்றும் இன்னொருவருக்குக் கறை என்றும் பெயர் வைக்கிற வழக்கம் இன்னும் மாறவில்லை.

அன்றைய சட்டமும் துணையாக இல்லை. 1973-ல் அமெரிக்க உச்ச நீதிமன்றம், எது ஆபாசம் என்பதை அந்தந்த ஊர் வழக்கத்தை வைத்துத் தீர்மானிக்கலாம் என்றது. நியூயார்க்கில் ஓடும் படத்துக்கு இன்னோர் ஊரில் கைவிலங்கு வரலாம். கலிஃபோர்னியாவிலோ, நடிகருக்குச் சம்பளம் கொடுத்து ஆபாசப் படம் எடுப்பதே விபச்சாரத் தரகு என்று வழக்குப் போடும் வழக்கம் இருந்தது. அது செல்லாது என்று அந்த மாநில உச்ச நீதிமன்றம் சொன்னது 1988-ல்தான். ‘ஃப்ளெஷ் கார்டன்’ திரையரங்குக்கு வந்தபோது கடுமையான காட்சிகள் கழிக்கப்பட்டு, கவர்ச்சி நகைச்சுவையாக மெலிந்திருந்தது. அந்த மெலிவே அதைக் காப்பாற்றியது. இன்றும் பார்க்கிறவர்கள் அரக்கனுக்காகப் பார்க்கிறார்கள்.

கிண்டலடிக்க உரிமை உண்டா?

ஒருவருடைய கதாபாத்திரத்தை எடுத்து இப்படியெல்லாம் செய்யலாமா? இந்தக் கேள்வியை நீதிமன்றங்கள் திரும்பத் திரும்பச் சந்தித்தன. பதில் ஒரே மாதிரி வரவில்லை.

1975-ல் பெல்ஜியத்துக் கேலிச்சித்திரக்காரர் பிஷா, டார்ஜானை வைத்து ‘டார்ஜூன்’ என்ற வயது வந்தோர் கார்ட்டூன் படம் எடுத்தார். டார்ஜானைப் படைத்த எட்கர் ரைஸ் பரோஸின் வாரிசு நிறுவனம் வழக்குக்குப் போனது. அமெரிக்காவில் 1979-ல் வந்தபோது தலைப்பில் டார்ஜான் வாடையே இல்லை. ‘ஷேம் ஆஃப் தி ஜங்கிள்’ என்று மாறியிருந்தது. அந்த ஆங்கிலப் பதிப்பில் நாயகனுக்குக் குரல் கொடுத்தவர் யார் தெரியுமா? திரையில் டார்ஜானாகவே வாழ்ந்த ஜானி வைஸ்முல்லரின் மகன். அப்பாவின் கர்ஜனையை மகனே கிண்டலடித்தார்.

பெரிய மாற்றம் 1994-ல் வந்தது. ‘2 லைவ் க்ரூ’ என்ற ராப் குழு, ராய் ஆர்பிசனின் புகழ்பெற்ற பாடலைக் கொச்சையாகத் திருப்பிப் பாடியது. பகடி காசுக்காகச் செய்யப்பட்டாலும் நியாயமான பயன்பாடாக இருக்க முடியும் என்று உச்ச நீதிமன்றம் ஒருமனதாகச் சொன்னது. பகடி ரசனையானதா, மட்டமானதா என்பது நீதிமன்றத்தின் வேலை இல்லை. மூலத்தைப் பற்றி அது ஏதாவது சொல்கிறதா என்பதே கேள்வி.

அதன் பலன் எட்டு ஆண்டுகளில் லூகாஸின் வாசலுக்கே வந்தது. ‘ஸ்டார் வார்ஸ்’ படத்தை ஆபாசக் கார்ட்டூனாக்கிய ‘ஸ்டார்பால்ஸ்’ என்ற படத்தை நிறுத்தக் கோரி லூகாஸ்ஃபிலிம் வழக்குப் போட்டது. 2002-ல் கலிஃபோர்னியாவின் ஃபெடரல் நீதிமன்றம் இடைக்காலத் தடை தர மறுத்துவிட்டது. ஃப்ளாஷ் கார்டன் கிடைக்காமல் பிறந்த படத்துக்கே ஃப்ளெஷ் மாதிரி ஒரு பங்காளி வந்து சேர்ந்தான்.

---
பெட்டிச் செய்தி: நீதிமன்றம் கோடு போட்ட இடங்கள்

● 1978: மிக்கி மவுஸைப் போதையிலும் படுக்கையிலும் வரைந்த ‘ஏர் பைரேட்ஸ்’ காமிக்ஸ்காரர்கள் டிஸ்னியிடம் தோற்றார்கள். கிண்டலுக்குத் தேவையானதைவிட அதிகம் நகல் எடுத்தார்கள் என்றது நீதிமன்றம்.

● 1979: ‘டெபி டஸ் டல்லாஸ்’ என்ற ஆபாசப் படம், கால்பந்து அணி ஒன்றின் உற்சாக நடனப் பெண்களின் சீருடையை ஒத்த உடையைப் பயன்படுத்தியது. அணி வழக்குப் போட்டு வென்றது. சீருடையும் வணிக முத்திரையே என்றார்கள்.

● 1994: பகடிக்கு உச்ச நீதிமன்றத்தின் பச்சைக்கொடி.

● 2002: லூகாஸ்ஃபிலிமுக்கு இடைக்காலத் தடை மறுப்பு.

---

ஒரே கப்பல், இரண்டு படம்

வீடியோ வந்தது, பிறகு டிவிடி வந்தது. தியேட்டர் வரிசை வீட்டு அலமாரிக்குப் போனது. 2005-ல் டிஜிட்டல் ப்ளேகிரவுண்ட் நிறுவனம் ‘பைரேட்ஸ்’ எடுத்தது. டிஸ்னியின் கரீபியக் கடற்கொள்ளையர் படம்தான் கிண்டலின் இலக்கு. 10 லட்சம் டாலருக்கு மேல் செலவு என்று விளம்பரம் செய்தார்கள். பீரங்கி, புயல், கணினியில் செய்த எலும்புக்கூடுகள் எல்லாம் உண்டு.

அதில் வரும் மரக்கப்பல் ‘பவுண்டி’. மார்லன் பிராண்டோ நடித்த ‘மியூட்டினி ஆன் தி பவுண்டி’ (1962) படத்துக்காகக் கட்டப்பட்டது. டிஸ்னியின் இரண்டாவது கடற்கொள்ளையர் படத்திலும் அதே கப்பல் வணிகக் கப்பல் வேடம் கட்டியது. மூலத்துக்கும் பகடிக்கும் ஒரே மேல்தளம்! கிளாசிக் படம், குடும்பப் படம், பலான படம் என்று மூன்றிலும் நடித்த அந்தக் கப்பல், 2012 அக்டோபரில் ‘சாண்டி’ புயலில் சிக்கி அட்லாண்டிக்கில் மூழ்கியது. இருவர் உயிரிழந்தார்கள்.

‘பைரேட்ஸ்’ படத்தின் இரண்டாம் பாகம் கல்லூரிகளுக்குள் நுழைந்ததும் கலவரம் பிறந்தது. 2009-ல் மேரிலாண்ட் பல்கலைக்கழக மாணவர் திரையரங்கில் அதைத் திரையிட ஏற்பாடானது. மாநிலச் சட்டமன்ற உறுப்பினர்கள் நிதியை நிறுத்துவோம் என்று மிரட்ட, நிர்வாகம் ரத்து செய்தது. மாணவர்கள் விடவில்லை. கருத்துச் சுதந்திரம் பற்றிய உரையாடலைச் சேர்த்து, வகுப்பறை ஒன்றில் படத்தின் ஒரு பகுதியை ஓட்டினார்கள். சும்மா விட்டிருந்தால் சில நூறு மாணவர்கள் சிரித்துவிட்டுப் போயிருப்பார்கள். மிரட்டல் வந்ததும் நாடு முழுக்கச் செய்தியானது. மூல உரிமையாளர்கள் பகடிகள் மீது வழக்குப் போடத் தயங்கினால் அதற்கு இதுவும் ஒரு காரணமாக இருக்கலாம். வழக்கைவிடச் சிறந்த விளம்பரம் கிடையாது.

பகடி போய் வேஷம் வந்தது

2010-க்குள் இலவச இணையக் காணொளிகள் டிவிடி வியாபாரத்தைக் கரைத்துவிட்டன. பிழைக்க வழி தேடிய நிறுவனங்களுக்குப் பகடியே கைகொடுத்தது. காசு கொடுத்து வாங்கத் தூண்ட ஏதாவது புதுமை வேண்டுமே? இயக்குநர் ஆக்செல் பிரவுன் 1966 தொலைக்காட்சித் தொடரை அச்சு அசலாகப் பின்பற்றி ‘பேட்மேன்’ பகடி எடுத்தார். அடுத்து மற்ற சூப்பர் ஹீரோக்கள், ‘ஸ்டார் வார்ஸ்’ என்று வரிசை நீண்டது.

கவனித்தால் ஒரு சறுக்கல் தெரியும். ஃப்ளெஷ் மூலத்தைப் பார்த்துச் சிரித்தான். புதியவர்கள் மூலத்தைப் பார்த்து அளவெடுத்துத் தைத்தார்கள். முகமூடியின் மடிப்பு சரியா, பெல்ட்டின் மஞ்சள் சரியா என்று ரசிகர்கள் சரிபார்த்தார்கள். பெயர் பகடி, உள்ளே நடப்பது மாறுவேடப் போட்டி. மூலத்தைப் பற்றி எதுவும் சொல்லாத பகடிக்கு, 1994 தீர்ப்பின் குடை எவ்வளவு தூரம் நிழல் தரும் என்பது தனி விவாதம்.

அருங்காட்சியகத்தில் ஒரு விளையாட்டு

வாஷிங்டன் அருகே ஸ்மித்சோனியனின் உட்வார்-ஹேஸி விமான அருங்காட்சியகத்தில் ஒரு கண்ணாடிப் பெட்டி இருக்கிறது. உள்ளே ‘க்ளோஸ் என்கவுன்டர்ஸ்’ விண்தாய்க்கலம். கிட்டே போய்ப் பார்த்தால் அதன் உடம்பில் சம்பந்தமில்லாத சாமான்கள் ஒட்டியிருக்கின்றன: ஒரு குட்டி ஆர்2-டி2 ரோபோ, ஒரு தபால்பெட்டி, ஒரு வேன், ஒரு சுடுகாட்டு மூலை. கட்டியவர்கள் விளையாட்டுக்கு ஒளித்து வைத்தவை. குழந்தைகள் கண்ணாடியில் மூக்கை ஒட்டிக்கொண்டு ஒவ்வொன்றாகக் கண்டுபிடிக்கிறார்கள்.

அதைக் கட்டிய கிரெக் ஜீனின் கை, அதற்கு ஐந்தாறு ஆண்டுகளுக்கு முன் ஃப்ளெஷ் கார்டனின் விண்கலங்களைக் கட்டிய கை. ஒளித்து வைத்துச் சிரிக்கும் பழக்கம் அப்போதே இருந்தது. அங்கே ஒளித்தது பெயர்களை. இங்கே ஒளித்தது தபால்பெட்டியை. பெட்டியைச் சுற்றி ஓடும் குழந்தைகளிடம் அந்த முதல் கதையை யாரும் சொல்லப்போவதில்லை. சொல்ல வேண்டிய அவசியமும் இல்லை. கூடவே போகும் பெரியவர் யாராவது, அந்தக் கலத்தைப் பார்த்து ஒரு நொடி தனியாகச் சிரித்துக்கொள்ளலாம்.